சொறி நாய்க்கு ஓர் அறை

சொறி பிடித்த நாயை வீட்டுக்குக் கொண்டுவருகிறவர்கள் முதலில் மெத்தை வாங்குகிறார்கள். தெருநாய்களைத் தேற்றிப் பழகிய நான் முதலில் ஓர் அறையைக் காலி செய்வேன். துவைக்கவோ கழுவவோ முடியாத எதுவும் அங்கே இருக்கக் கூடாது.

அதற்கும் முன்னால், எந்தச் சொறி என்று தெரிய வேண்டும். மருத்துவர் தோலைச் சுரண்டி நுண்ணோக்கியில் பார்ப்பார். சொறியை உண்டாக்கும் உண்ணிகளில் டெமோடெக்ஸ், தாயிடம் பால் குடிக்கும்போதே குட்டிக்கு வந்துவிடுகிறது. உடம்பு நலிந்தால்தான் பெருகும், பக்கத்து நாய்க்குத் தொற்றாது. அந்த நாய்க்கு மருந்தோடு நல்ல தீனியும் குடற்புழு நீக்கமும் நிம்மதியும் போதும். சார்காப்டிஸ் உண்ணி அப்படியல்ல. தோலுக்குள் துளைத்துப்போய் முட்டையிடும். அந்த முட்டை வளர்ந்த உண்ணியாக ஏறக்குறைய மூன்று வாரம். கூட இருக்கும் நாய்களுக்குத் தாவும், நமக்கும் சில நாள் அரிப்பைக் கொடுக்கும். சுரண்டிப் பார்த்தாலும் பல நேரம் சிக்காது. அரிப்பின் கடுமையைப் பார்த்தே மருத்துவர் மருந்தைத் தொடங்கிவிடுவார். கீழே விழுந்த உண்ணி சாதாரண அறை வெப்பத்தில் சில நாளும், குளிர்ந்த ஈர மூலையில் அதற்கு மேலும் பிழைத்திருக்கும். என் அறைக் கணக்கெல்லாம் இதை வைத்துத்தான்.

டைல்ஸ் தரை, காற்றோட்டம், ஈரமில்லாத மூலை. சோபா, கயிற்று மிதியடி, சாக்கு மூன்றும் வெளியே. சாக்கு புண்ணை உரசவும் செய்யும். படுக்கைக்குப் பழைய பருத்திப் புடவையைப் பல மடிப்பாகப் போடுவேன். முழங்கை எலும்பு தரையில் அழுந்தாது. தினமும் மாற்றி, கொதிநீரில் ஊறவைத்துத் துவைத்து வெயிலில் காயப்போட வேண்டும். கொதிநீர் தாங்காத கழுத்துப்பட்டை, பிரஷ் போன்றவற்றைப் பாலித்தீன் பையில் மூன்று வாரம் இறுகக் கட்டிவைப்பேன். பினாயில் பச்சைப் புண்ணில் எரியும். அதைப் போட்டுத் துடைத்தால் மறுபடி வெறும் தண்ணீரில் துடைத்து, தரை காய்ந்த பிறகே நாயை விடலாம்.

முடியில்லாத நாய் மார்கழியில் நடுங்கும். பழைய பனியன் மாட்டிவிடலாம், அதையும் தினம் துவைக்க வேண்டும். காலை வெயில் போதும், உச்சி வெயில் தோலைச் சுட்டுவிடும். வீட்டில் வேறு நாய்கள் இருந்தால் அவற்றைக் கவனித்துவிட்டுக் கடைசியாகத்தான் இந்த அறைக்குள் போக வேண்டும். வெளியே வந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவி உடை மாற்ற வேண்டும். சார்காப்டிஸ் என்றால் அந்த நாய்களுக்கும் சேர்த்தே மருந்து.

மெக்கானிக் கடைக் கழிவு எண்ணெயையும் மண்ணெண்ணெயையும் தடவச் சொல்பவர்கள் எல்லாத் தெருவிலும் உண்டு. நாய் அதை நக்கும், அது விஷம். ஐவர்மெக்டினை நீங்களாகப் போடாதீர்கள். கோலி வகை நாய்களில் பலவற்றின் உயிரையே அது குடித்துவிடும்.

முடி முளைத்துவிட்டால் நோய் போய்விட்டதாக அர்த்தமில்லை. டெமோடெக்ஸ் என்றால், ஒரு மாத இடைவெளியில் இரண்டு முறை சுரண்டிப் பார்த்தும் எதுவும் தென்படாத பிறகே மருந்தை நிறுத்துவார்கள். மருத்துவர் சொல்லும்வரை மருந்தையும் விடாதீர்கள், துவைப்பதையும் விடாதீர்கள்.