கங்காணி இல்லாத பந்தயம்

நானுஓயா ஸ்டேஷனில் கோச்சியை விட்டு இறங்கும் வெளிநாட்டுக்காரர்களை நுவரெலியாவுக்கு ஏற்றிப்போகும் திரீவீல்காரர்கள், போகிற வழியிலேயே கிரகரி வாவியின் பெருமையைச் சொல்லி முடித்துவிடுவார்கள். 1873இல் ஆளுநர் கிரகரி காலத்தில் உண்டாக்கிய வாவி. அன்னப்பறவை வடிவில் மிதிபடகு இருக்கிறது, காதைத் துளைத்துக்கொண்டு ஓடும் ஜெட் ஸ்கீ இருக்கிறது, ஏப்ரல் சீசன் வந்துவிட்டால் கரையெல்லாம் குதிரையும் சோளமும் கூட்டமும்தான். இத்தனை இருந்தும், காற்றைப் பிடித்து ஓடுகிற ஒரு பாய்ப்படகை நான் அங்கே கண்டதில்லை. காற்றுக்கா இங்கே பஞ்சம்? ஜூன் பிறந்து தென்மேல் பருவம் இறங்கினால், லயத்துக் கூரைத் தகரம் பறக்காமலிருக்கக் கல்லும் பழைய டயரும் ஏற்றி வைப்பது வருடா வருடம் எங்களுக்கு உள்ள வேலை.

பாய்ப்படகுப் பந்தயத்தை நான் பார்த்தது மலையை விட்டு இறங்கித்தான். என் சித்தி மகன் மொறட்டுவையில் பொல்கொட வாவிக்கரை வீடொன்றில் காவலுக்கு இருக்கிறான். கொழும்புக்கு ஒரு வேலையாகப் போனவன், ஞாயிற்றுக்கிழமை அவனையும் பார்த்துவிட்டு வரலாம் என்று போனேன். வீட்டுக்காரர்கள் ஊரில் இல்லை. இரண்டு பேரும் தேத்தண்ணிக் கோப்பையோடு பின்பக்கப் படித்துறையில் உட்கார்ந்தோம். வாவி முழுக்க வெள்ளை வெள்ளையாகச் சின்னப் பாய்கள்.

"எல்லாம் பத்து வயசு, பன்னெண்டு வயசுப் புள்ளைக அண்ணே. ஒரு படகுக்கு ஒரே ஆளுதான்" என்றான்.

"கூட யாருமே இல்லியா? கவுந்துட்டா?"

"கவுந்தா அதுகளே நிமித்திக்கிடுங்க. இருந்து பாருங்க."

அவன் சொல்லி வாய் மூடவில்லை, ஒரு படகு பக்கவாட்டில் சாய்ந்து பாய் தண்ணீரில் படுத்தது. தலைக்கவசமும் மிதவைச் சட்டையும் போட்ட ஒரு சிறுமி நீந்திப்போய், படகின் வயிற்றிலிருந்து வெளியே நீட்டிக்கொண்டிருந்த பலகையில் ஏறி நின்று, விளிம்பைப் பிடித்துத் தன் முழுப் பாரத்தையும் பின்னால் சாய்த்தாள். படகு எழுந்து நின்றது. உள்ளே தாவியவள், கயிற்றில் கட்டியிருந்த பிளாஸ்டிக் போத்தலை எடுத்துத் தண்ணீரை இறைக்கத் தொடங்கினாள். அடிப்பக்கத்தை வெட்டி வாளி மாதிரி ஆக்கிய சாதாரணப் போத்தல். மீட்புப் படகு கொஞ்சம் தள்ளி நின்றதே தவிர, கிட்டே வரவில்லை.

அந்தப் படகின் பெயர் ஒப்டிமிஸ்ட். 1947இல் அமெரிக்காவில், புளோரிடா மாநிலத்துக் கிளியர்வாட்டர் ஊரில் கிளார்க் மில்ஸ் என்ற படகு கட்டுபவர் வரைந்தது. ஊர்ப் பிள்ளைகளுக்கு மலிவாக ஒரு படகு வேண்டும் என்று கேட்டார்கள். இரண்டு ஒட்டுப்பலகைத் தாள்களில் அடக்கியாக வேண்டும் என்பதால் முன்பக்கம் கூராக இல்லாமல் தட்டையாக வெட்டிவிட்டார். பார்த்தால் குளிக்கிற தொட்டி மாதிரிதான் இருக்கும். நீளம் எட்டடி கூட இல்லை, வெறும் கூட்டின் எடை 35 கிலோ. இன்று போட்டிக்கு வருபவை ஃபைபர் படகுகள். இந்தத் தொட்டியில் பதினைந்து வயதுவரை ஓடிப் பழகியவர்கள்தான் பிறகு லேசர் போன்ற பெரிய படகுகளுக்கு ஏறுகிறார்கள். தேசிய அளவிலான இளையோர் போட்டி என்றால் எங்கேயும் ஏறத்தாழ இந்த வரிசைதான்: சின்னதுகளுக்கு ஒப்டிமிஸ்ட், பதின்வயதினருக்கு ஐ.எல்.சி.ஏ. 4 எனப்படும் சிறிய பாய் கட்டிய லேசர், இருவர் ஓட்டும் 420, 29இஆர்.

ஓட்டப்பந்தயம் போல வெள்ளைக்கோட்டில் நின்று புறப்படுகிற காரியம் இல்லை இது. படகை நிறுத்திவைக்க முடியாதே. ஐந்து நிமிடத்துக்கு முன்னால் ஒரு கொடி ஏறி ஊதல் கேட்கும். நான்கு நிமிடம் இருக்கையில் இன்னொன்று, நீலத்தில் வெள்ளைச் சதுரம் போட்டது. ஒரு நிமிடம் இருக்கையில் அது இறங்கும். இதற்குள் அத்தனை படகுகளும் கோட்டுக்குப் பின்னால் ஊர்ந்துகொண்டும், ஒன்றையொன்று இடிக்காமல் வளைந்துகொண்டும், கடைசி விநாடியில் முழு வேகத்தோடு கோட்டில் இருக்கப் பார்க்கும். முந்தினால் திரும்பிவந்து மறுபடி புறப்பட வேண்டும். கறுப்புக் கொடி ஏற்றிய நாளில் முந்தினாலோ அந்த ஓட்டமே போயிற்று. பத்து வயதுப் பிள்ளை மணிக்கட்டில் பெரிய கடிகாரத்தைக் கட்டிக்கொண்டு, பாயில் ஒட்டிய கம்பளி நூல் எந்தப் பக்கம் ஆடுகிறது என்று ஒரு கண்ணும், பக்கத்துப் படகில் ஒரு கண்ணுமாக இருப்பதைப் பார்த்தபோது, இந்த வயதில் நாங்கள் வகுப்பில் கையை உயர்த்தித் தண்ணீர் குடிக்க அனுமதி கேட்டுக்கொண்டிருந்தோம் என்று நினைத்துக்கொண்டேன்.

முதல் மிதவையை நோக்கிப் போகையில் அது நடந்தது. காற்றுக்கு எதிரே நேராகப் போக முடியாது. இடமும் வலமுமாக வெட்டி வெட்டித்தான் ஏற வேண்டும். அப்படி வெட்டும்போது இரண்டு படகுகள் குறுக்கிட்டால், காற்றை வலப்பக்கம் வாங்கி வருபவருக்கு வழி; மற்றவர் ஒதுங்க வேண்டும். ஒரு பையன் கணக்குத் தப்பிவிட்டான். அவனுக்கு ஒதுங்குவதற்காக ஒரு சிறுமி தன் படகைச் சட்டென்று திருப்ப வேண்டியதாயிற்று. அவள் "புரொடெஸ்ட்!" என்று கத்தியது எங்கள் படித்துறைவரை கேட்டது. பையன் கூட்டத்தைவிட்டு ஒதுங்கிப்போய், படகை ஒரு முழுச் சுற்றுச் சுற்றினான். இன்னொரு முழுச் சுற்று. அதற்குள் நாலைந்து படகுகள் அவனைத் தாண்டிவிட்டன.

"யாரு சொல்லி அண்ணே சுத்துறான்? பக்கத்துல ஒரு ஆபிசரும் இல்லியே" என்றான் தம்பி. வருடக்கணக்காக அங்கே இருந்தும் இதை அவன் கவனித்ததில்லையாம்.

யாரும் சொல்லவில்லை. இந்த விளையாட்டின் சட்டமே அப்படி. குற்றம் செய்தவன் தானே இரண்டு சுற்றுச் சுற்றிக் கழித்துக்கொள்ள வேண்டும். மிதவையைத் தொட்டுவிட்டால் ஒரு சுற்று. ஒத்துக்கொள்ளாவிட்டால், கரைக்கு வந்ததும் எதிராளி தாளில் எழுதிக் கொடுக்கலாம். மாலையில் விசாரணை நடக்கும். மேசைமேல் சின்னப் பொம்மைப் படகுகளை வைத்து, "நான் இங்கே வந்தேன், அவன் இப்படி வந்தான்" என்று பிள்ளைகள் நகர்த்திக் காட்டுவார்கள். பெரியவர்கள் கேட்டுத் தீர்ப்புச் சொல்வார்கள். பெரிய போட்டிகளில் நடுவர் படகும் சுற்றும், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அது முக்கியமாகப் பாயை விசிறியும் படகை ஆட்டியும் வேகம் கூட்டுகிறார்களா என்று பார்க்க. வழி யாருக்கு என்பதை ஓட்டுகிறவர்களே தீர்த்துக்கொள்ள வேண்டும்.

தோட்டத்தில் பிறந்தவனுக்கு இது எவ்வளவு புதினம் என்று வெளியாளுக்குச் சொல்லி விளங்கவைப்பது கஷ்டம். காலையில் பெரட்டுக்களத்தில் பெயர் கூப்பிடுவதில் தொடங்கி, மாலையில் கொழுந்து நிறுக்கிற தராசுவரை எங்கள் ஆட்களை யாராவது பார்த்துக்கொண்டேதான் இருந்திருக்கிறார்கள். கங்காணி பார்த்தார், கணக்கப்பிள்ளை பார்த்தார், மலையடிவாரத்தில் மோட்டார் சைக்கிளை நிறுத்திச் சின்னத்துரை பார்த்தார். தராசில் நின்ற எடையில் சாக்குக்கும் ஈரத்துக்கும் என்று கிலோக்கணக்கில் கழித்தார்கள். கழித்தது சரியா என்று கேட்க அம்மாமாருக்கு வாய் வரவில்லை. அப்படி நிறுக்கப்பட்டே வளர்ந்த சனத்தின் பிள்ளை, ஆளில்லாத தண்ணீரில் தன் தப்பைத் தானே நிறுத்துக் கழித்துக்கொள்வதும், தனக்கு நடந்த தப்பை உரத்துச் சொல்வதும் எப்படி இருக்கும்? அந்த இரண்டாவதுதான் எனக்கு இன்னும் பெரிதாகப்படுகிறது. சுற்றிய பையனைவிட, கத்திய சிறுமியைத்தான் நான் ஊருக்கு வந்து எல்லோரிடமும் சொன்னேன்.

"அதெல்லாம் கடல்கரைக்காரன் வெளாட்டு, காசுக்காரன் வெளாட்டு" என்று உடனே பதில் வந்தது. காசு விஷயத்தைப் பிறகு பார்ப்போம். கடல் விஷயம் சுத்தப் பொய்.

இந்தியாவில் கடலே இல்லாத மாநிலம் மத்தியப் பிரதேசம். அதன் தலைநகர் போபாலில் பெரிய ஏரி ஒன்று உண்டு, போஜராஜன் கட்டியதாகச் சொல்வார்கள். அந்த ஏரியில் தேசியப் பாய்ப்படகுப் பள்ளி நடக்கிறது. தேவாஸ் மாவட்டத்து விவசாயி ஒருவரின் மகள் நேஹா தாக்கூர் அங்கே பழகியவர். ஹாங்சோ ஆசிய விளையாட்டில், 2023 செப்டம்பரில், பெண்கள் ஐ.எல்.சி.ஏ. 4 படகில் வெள்ளி வாங்கியபோது அவருக்கு வயது 17. அதற்கு முந்திய 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டில் வெண்கலம் வாங்கிய ஹர்ஷிதா தோமரும் அதே மாநிலம்தான். அப்போது வயது 16. ஹைதராபாத்தும் கடல் ஊர் அல்ல. 16ஆம் நூற்றாண்டில் கட்டிய உசேன் சாகர் ஏரியில், மழைக்காலக் காற்றை நம்பி அங்கே பாய்ப்படகுப் போட்டிகள் நடக்கின்றன. இளையோர் தேசியப் போட்டிகளுக்கு அங்கிருந்து வருகிறவர்களில் வசதியில்லாத வீட்டுப் பிள்ளைகள் பலர்.

கடல் உள்ள சென்னையின் கதையும் எனக்குப் பிடித்ததுதான். தமிழ்நாடு பாய்ப்படகுச் சங்கத்தின் கோடைகால முகாமுக்குப் போன நேத்ரா குமணன், 2021இல் ஓமானில் நடந்த தகுதிப் போட்டி வழியாக ஒலிம்பிக்குக்குத் தேர்ந்த முதல் இந்தியப் பாய்ப்படகு வீராங்கனை ஆனார். டோக்கியோவில் 35ஆவது இடம், பாரிஸில் 21ஆவது. வேலூர்க்காரர் விஷ்ணு சரவணன் பட்டாளத்தில் இருந்து வந்தவர், ஹாங்சோவில் வெண்கலம். கடற்கரையில் பிறந்ததால் இவர்கள் வரவில்லை. கற்றுக்கொடுக்க ஓர் இடம் இருந்தது, வந்தார்கள்.

நம் நாட்டிலும் இந்த விளையாட்டு நேற்று முளைத்ததல்ல. கொழும்புத் துறைமுகத்தில் ஒரு கழகம், பொல்கொடவில் ஒரு கழகம் என்று வெள்ளைக்காரர் காலத்திலேயே தொடங்கியது. கைட்ராக்டர் வடிவமைப்பில் பேரெடுத்த பொறியியலாளர் ரே விஜேவர்தன, 1968 மெக்சிகோ ஒலிம்பிக்கில் ஃபின் வகைப் படகில் இலங்கைக்காக ஓடினார். ஆனால் இதெல்லாம் அவிசாவளையைத் தாண்டி மேலே ஏறவில்லை.

தண்ணீர் ஏறாமலா இருந்தது? மலையகத்தில் ஏறிய தண்ணீர்போல் எங்கும் ஏறவில்லை. 1960களில் காசல்ரீ, மவுசாகலை. எங்கள் நானுஓயா ஆறு போய்க் கலக்கிற கொத்மலை ஓயாவில் கொத்மலை. 2012இல் தலவாக்கலையில் மேல் கொத்மலை. பழைய மஸ்கெலியா டவுன் மவுசாகலைக்கு அடியில்தான் கிடக்கிறது. வறட்சிக் காலத்தில் நீர் இறங்கினால் மூழ்கிய கோயில் வெளியே தெரியும். பஸ்ஸை நிறுத்தி இறங்கிப்போய்க் கும்பிட்டுவிட்டு வருவார்கள். இந்தத் தண்ணீர் நமக்கு என்றுமே நம்முடையதாகத் தோன்றியதில்லை. மின்சார சபைத் தண்ணீர். அதன் கரையில் பழைய துரை பங்களாக்களில் தங்குகிற வெளிநாட்டார் துடுப்புப்படகு விடுவார்கள். நம் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தது ஒன்றே ஒன்று: "தண்ணிப் பக்கம் போகாதே." சொன்னதில் பிழையில்லை. குளிக்கப் போய்த் திரும்பாத பிள்ளைகள் எந்தத் தோட்டத்தில் இல்லை? நீச்சல் தெரியாத தாய், நீச்சல் தெரியாத பிள்ளையை வேறெப்படிக் காப்பாற்றுவாள்?

இனிக் காசு. புதிய ஒப்டிமிஸ்ட் ஒன்று பல இலட்சம் ரூபா. இதை மறைத்துப் பேசுவது நேர்மையில்லை. ஆனால் பழகுவதற்குப் போட்டிப் படகு வேண்டியதில்லை. மில்ஸ் வரைந்தது இரண்டு பலகைத் தாளில், வீட்டுக் கொல்லையில் கட்டுவதற்கென்று. அட்டனிலும் தலவாக்கலையிலும் இருக்கிற ஆசாரிமார் அதைவிடக் கடினமான அலுமாரிகள் செய்கிறார்கள். குளிர்தான் உண்மையான சிரமம். கிரகரி வாவியில் கவிழ்ந்த பிள்ளைக்குப் பல் கிட்டும், உரிய உடுப்பு வேண்டும். நாலு பக்கமும் மலை என்பதால் காற்றும் ஒரே சீராக அடிக்காது. திசை மாறி மாறி வரும். அது குறையா என்பது எனக்குச் சந்தேகம். ஏரியில் பழகிய பிள்ளைகள் துள்ளும் காற்றைப் படிப்பதில் கெட்டிக்காரர்கள் என்று இந்த விளையாட்டில் ஊறியவர்கள் சொல்கிறார்கள்.

ஆகவே காசல்ரீக் கரையிலும் மவுசாகலைக் கரையிலும் இருக்கிற பாடசாலை அதிபர்களுக்கும், தோட்டங்களில் வாசிகசாலையும் விளையாட்டுக் கழகமும் நடத்துகிற தம்பிமாருக்கும் ஒரு வார்த்தை. படகுக்கு இப்போதே அலைய வேண்டாம். மின்சார சபைக்கு மனு எழுதுவதும் பிறகு ஆகட்டும். முதலில் நீச்சல் சொல்லிக்கொடுக்கத் தெரிந்த ஓர் ஆளைப் பிடியுங்கள், பெண்பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்க ஒரு பெண்ணையும். ஒரு வகுப்பாவது நீந்தப் பழகிய பிறகு பொல்கொடவுக்கு ஒரு பஸ் பிடியுங்கள். கரையில் நின்று பார்க்கக் காசு கேட்கமாட்டார்கள்.