மெட்ராஸ் – கிருஷ்ணகிரி, இரண்டு பர்மிட்

பஸ் பர்மிட் வழக்கு நடத்தும் வக்கீல்களுக்கு எங்கள் ஊர்ப் பெயர் சட்டப் புத்தகத்திலேயே பழக்கம். 1964 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் தீர்த்த ராஜகோபால நாயுடு வழக்கு, மெட்ராஸ் – கிருஷ்ணகிரி ரூட்டைப் பற்றியது. என் சீனியர் அதை என்னிடம் தந்து, "மார்க் கணக்கையெல்லாம் விட்டுடுப்பா. யார் முடிவெடுக்கணும்னு சொல்லியிருக்கு பார், அதைப் படி" என்றார்.

1956 ஜூனில் அந்த ரூட்டில் எக்ஸ்பிரஸ் சர்வீஸ் விட இரண்டு பர்மிட்டுக்கு மாநிலப் போக்குவரத்து ஆணையம் விண்ணப்பம் கேட்டது. நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் மனுப் போட்டார்கள். அப்போது அரசாணை 1298 என்று ஒன்று இருந்தது. பணிமனை வசதிக்கு இத்தனை, அனுபவத்துக்கு இத்தனை, ரூட்டிலேயே வீடோ தொழிலோ இருந்தால் இத்தனை என்று மார்க் போட்டு ஆளைத் தேர்ந்தெடுக்கச் சொன்ன ஆணை. 1958இல் அந்தக் கணக்குப்படி நாயுடுவுக்குப் பர்மிட் கிடைத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் அது கைமாறிப் போனது. உயர் நீதிமன்றத்திலும் அவருக்குப் பலனில்லை.

உச்ச நீதிமன்றத்தில் தலைமை நீதிபதி கஜேந்திரகட்கர் அந்த அரசாணையே செல்லாது என்றார். 1939 மோட்டார் வாகனச் சட்டத்தில் மெட்ராஸ் அரசு 1948இல் திருத்தத்தால் சேர்த்த 43-ஏ பிரிவு, நிர்வாக விஷயங்களில் உத்தரவிட அரசுக்கு இடம் தந்தது. ஆனால் மனுதாரரையும் ஆட்சேபணைக்காரரையும் கேட்டுத் தீர்ப்புச் சொல்ல உட்கார்ந்திருப்பவர் எப்படி முடிவெடுக்க வேண்டும் என்று கோட்டையிலிருந்து சொல்லித்தர அது இடம் தரவில்லை. மார்க் முறை மேலோட்டத்தில் நியாயமாகத்தான் தெரியும். ஆனால் விசாரணைக்கு முன்பே விடையை எழுதிவைத்துவிட்டால் எதிரே நிற்பவன் பேசி என்ன பயன்? நான் இந்தத் தொழிலை நேசிப்பதற்கு இந்தத் தீர்ப்பும் ஒரு காரணம்.

எண்பதுகளின் தொடக்கத்தில் அது எனக்குக் கைகொடுத்தது. ஓசூர் சிப்காட் வளர்ந்துகொண்டிருந்த நேரம். டி.வி.எஸ். மொபெட்டும் அசோக் லேலண்டும் வந்துவிட்டன. பாகலூர், பேரிகைப் பக்கத்துப் பிள்ளைகள் வேலைக்கு வரச் சைக்கிளை நம்பியிருந்தார்கள். ஒற்றைப் பஸ் வைத்திருந்த என் கட்சிக்காரர் பேரிகையிலிருந்து ஓசூருக்குப் பர்மிட் கேட்டார். எல்லை தாண்டி மாலூர் வரை ஓட்ட அவருக்கு ஆசைதான். அதற்கு இரண்டு மாநிலங்களின் ஒப்பந்தத்தில் ரூட் இடம்பெற வேண்டும், கர்நாடகத்தின் மேலொப்பமும் வேண்டும். "இந்தப் பக்கத்தோடு நிறுத்திக்குங்க அண்ணே" என்று சொல்லிவிட்டேன். அரசுப் போக்குவரத்துத் திட்டங்களுக்குள் வராத கிராம வழியாகவும் பார்த்துத்தான் கேட்டோம்.

மனு தள்ளுபடியானது. காரணம் ஒரே வரி: மேலிடத்து அறிவுரைப்படி இந்த வழியில் புதிய பர்மிட் அவசியமில்லை. 1939 சட்டத்தின் 47-ஆம் பிரிவு பொதுமக்கள் நலனைப் பார்க்கச் சொன்னது. உத்தரவில் மக்களைப் பற்றி ஒரு சொல் இல்லை. ஷிஃப்ட் நேரம், ஊர்க்காரர்கள் கையெழுத்திட்ட மனு, சாலைச் சான்று எல்லாம் கோப்பில் கிடந்தன, யாரும் புரட்டவில்லை.

சென்னையில் தீர்ப்பாயத்தின் முன் நின்றபோது நான் அதிகம் பேசவில்லை. 1964 தீர்ப்பின் அந்தப் பகுதியை வாசித்தேன், பிறகு அந்த ஒரு வரியை வாசித்தேன். எதிர்த்தரப்பு, "அது வெறும் அறிவுரைதானே, அரசாணை இல்லையே" என்றது. அரசாணையாலேயே செய்ய முடியாததை ஒரு கடிதம் எப்படிச் செய்யும் என்று கேட்டேன். உத்தரவு ரத்தாகி, மறுவிசாரணைக்கு அனுப்பப்பட்டது.

1988இன் புதிய மோட்டார் வாகனச் சட்டமும், அதையொட்டி உச்ச நீதிமன்றத்தின் மிதிலேஷ் கார்க் தீர்ப்பும் வந்த பிறகு, ஏற்கெனவே ஓட்டுகிறவர் புதியவரைத் தடுக்கும் வழக்குகள் குறைந்தன. அன்றைக்கு அந்த வசதி எங்களுக்கு இல்லை. மறுவிசாரணையில் ஊர் ஊராக ஆட்களை அழைத்துவந்து சாட்சி சொல்ல வைத்தோம். பர்மிட் கிடைத்தது. டைமிங் மட்டும் கேட்டபடி வரவில்லை. இரண்டாம் ஷிஃப்ட் விட்டு வருகிறவர்களுக்குக் கடைசி நடை இல்லாமல் போனது. அதற்காக அடுத்த வாரமே இன்னொரு மனு எழுதினோம்.