பூனை துப்புத் துலக்கிய கதை

‘ஹாங்காங் ஃபூயி’ ஹன்னா-பார்பெரா நிறுவனம் தயாரித்த அமெரிக்கக் கார்ட்டூன் தொடர். 1974 செப்டம்பர் 7 அன்று ஏபிசி தொலைக்காட்சியின் சனிக்கிழமைக் காலை நேரத்தில் தொடங்கி, 16 அரைமணி நேர நிகழ்ச்சிகளோடு டிசம்பரில் முடிந்தது. புரூஸ் லீயின் ‘என்டர் த டிராகன்’ வெளிவந்த மறு ஆண்டு அது. ஊரெங்கும் குங்ஃபூ பித்து ஏறியிருந்தது. அதே ஏபிசியில் டேவிட் கராடின் நடித்த ‘குங் ஃபூ’ தொடரும் ஓடிக்கொண்டிருந்தது. அந்தப் பித்தைக் கேலி செய்யப் பிறந்த இந்தக் கதைக்கு ஹாங்காங்கோடு பெயரளவில்தான் உறவு.

கதாநாயகன் பென்ரி ஒரு நாய். காவல் நிலையத்தில் கூட்டிப் பெருக்குபவன். அங்கே தொலைபேசியைக் கவனிக்கும் ரோஸ்மேரிக்குக் குற்றச் செய்தி வந்ததும், கோப்பு அலமாரியின் இழுப்பறைக்குள் பாய்ந்து அங்கியும் முகமூடியும் அணிந்த ஃபூயி ஆகிவிடுவான். வெளியே வர முடியாமல் உள்ளேயே சிக்கிக்கொள்வது வாடிக்கை. ஸ்பாட் என்ற பூனைதான் அவனை மீட்கும். அவன் கற்ற வித்தையெல்லாம் அஞ்சல் வழிப் பாடம். திருடன் எதிரே நிற்கும்போதும் கையேட்டைப் புரட்டிப் பார்த்துத்தான் அடுத்த அடி எடுத்து வைப்பான்.

குற்றவாளியைப் பிடிக்க வழி செய்வது பெரும்பாலும் ஸ்பாட்தான். பாராட்டு போவது ஃபூயிக்கு. பூனை ஒரு சொல்லும் பேசுவதில்லை. செலவைக் குறைப்பதற்காக ஹன்னா-பார்பெரா கலைஞர்கள் முழு உருவத்தையும் திரும்பத் திரும்ப வரையாமல், வாயையோ கண்ணையோ மட்டும் அசைப்பார்கள். பல தொடர்களில் உயிரற்றுத் தெரியும் அந்தச் சிக்கனம் இங்கே நகைச்சுவைக்கே உதவியது. நாய் சொதப்பி முடித்ததும் அசையாத முகத்தோடு பூனை பார்க்கும் பார்வைக்கு ஈடான வசனம் தொடரில் இல்லை.

ஃபூயி முட்டாளாக இருந்தும் வெறுப்புக்கு ஆளாகாததற்குக் காரணம் ஸ்காட்மேன் குரோதர்ஸின் குரல். ஜாஸ் பாடகரான அந்தக் கறுப்பினக் கலைஞருக்கு அப்போது வயது 64. ஆணவம் கலக்காத தன்னம்பிக்கையை அவர் கரகரத்த குரலில் கொண்டுவந்தார். தோற்றது தெரியாமலே மகிழ்ச்சியாக இருப்பவனை வேறு எந்தக் குரலும் இவ்வளவு பிரியத்துக்குரியவனாக ஆக்கியிருக்காது. தொடரின் முகப்புப் பாடலைப் பாடியதும் அவரே.