ஈட்டன்வில்லுக்கு வழி எது?

பிரயாணம் என்றால் நீங்கள் என்ன எடுத்துக்கொள்வீர்கள்? கூஜா, படுக்கை, கட்டுச்சாதம்! அமெரிக்க நாவலாசிரியர் ஸ்டீன்பெக் 1960-ல் நாடு சுற்றப் புறப்பட்டபோது, 48 தடித்த புத்தகங்களைக் கொண்டுபோக ஆசைப்பட்டார். வண்டியில்தான் இடமில்லை!

அவை பிறந்த கதையைக் கேளுங்கள். பொருளாதார மந்தத்தில் எழுத்தாளர்களும் வேலையின்றித் தவித்த காலம். 1935-ல் ரூஸ்வெல்ட் சர்க்கார் ஆயிரக்கணக்கானவர்களுக்குச் சம்பளம் கொடுத்து, மாநிலத்துக்கு ஒரு வழிகாட்டி எழுதச் சொன்னது. சாலையில் மைலுக்கு மைல் எதிர்ப்படும் ஊர்கள், அவற்றின் சரித்திரம், நாடோடிக் கதைகள் எல்லாம் அவற்றில் ஏறின.

1939-ல் வெளியான புளோரிடா புத்தகத்தைப் பிரித்தால், ஆர்லாண்டோவுக்கு வடக்கே ஈட்டன்வில் என்ற சிற்றூர். கறுப்பின மக்கள் 1887-ல் தாங்களே அமைத்து ஆண்ட ஊர். அதை எழுதியவர் அங்கே வளர்ந்த ஸோரா நீல் ஹர்ஸ்டன் என்ற பெண்மணி. நாவலாசிரியை என்று பெயர் பெற்றும் கையில் காசில்லாமல் இந்த வேலைக்கு வந்தவர். காரில் போகிறவர் ஒரு நிமிஷத்தில் கடந்துவிடும் தெருவை, வீடு, கடை, பள்ளிக்கூடம் என்று விரல் நீட்டிக் காட்டுகிறார், பக்கத்து வீட்டு அக்காளைப்போல!

1960-ல் அவர் ஏழையாகவே இறந்தார். சமாதிக்கு ஓர் அடையாளக் கல்கூட இல்லை. 1973-ல் ஆலிஸ் வாக்கர் என்ற எழுத்தாளர்தான் புதர்களுக்குள் தேடிக் கண்டுபிடித்துக் கல் நாட்டினார். ஊருக்கு வழி சொன்னவரின் இடத்துக்கே வழி கேட்டு அலைய வேண்டியிருந்தது, பாருங்கள்!

ஆனாலும் ஈட்டன்வில் போகிறவர்கள் இன்றும் அந்தப் பக்கத்தைப் புரட்டலாம். அங்கே ஸோராவே வழி காட்டுகிறார்.