அர்தேஷிர் என்னும் பெயர்

சென்ற விடுமுறையில் என் பெயரனை அழைத்துக்கொண்டு வட அந்தமானுக்குக் கப்பலில் சென்றேன். ஃபீனிக்ஸ் பே துறையை விட்டுக் கப்பல் நகர்ந்ததும் சிறுவன் ஒரு நோட்டுப் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டான். அதில் இருபத்தொரு பெயர்கள் அவன் கையெழுத்தில் இருந்தன. பரம்வீர் சக்கரம் பெற்ற வீரர் இருபத்தொருவரின் பெயர்களை, அதுவரை பெயரின்றி எண்ணால் மட்டும் குறிக்கப்பட்டு வந்த இருபத்தொரு தீவுகளுக்கு 2023ஆம் ஆண்டு சனவரி 23ஆம் நாள் சூட்டினார்கள் அல்லவா? அந்தப் பட்டியலை மனப்பாடம் செய்து வரும்படி ஆசிரியர் சொல்லியிருந்தாராம்.

தீவும் திட்டும் பாறையுமாக இக்கடலில் 836 உண்டு என்பது அரசுக் கணக்கு. அவற்றுட் பெரும்பாலானவை மனிதர் காலடி நிலையாகப் படியாதவை. பெயர் பெற்றவையோ, பிறர் இட்ட பெயரைச் சுமந்து, பின் அதை இழந்து, மற்றொன்றைச் சூடி நிற்பவை. போர்ட் பிளேர் 2024இல் ஸ்ரீ விஜயபுரம் ஆயிற்று. ராஸ், நீல், ஹேவ்லாக் என்ற மூன்று தீவுகளும் 2018இல் நேதாஜி பெயரும், ஷஹீத், ஸ்வராஜ் என்ற பெயர்களும் பெற்றன. இவற்றுள் நீல் என்ற பெயரை நம்மவர் எளிதில் மறக்கமாட்டார். சென்னை மவுண்ட் ரோட்டில் சிலையாய் நின்றவன் அந்த நீல் துரையே. 1927இல் அச்சிலையை அகற்றக் கோரிச் சத்தியாக்கிரகம் நடந்தது. பத்தாண்டு கழித்து, 1937இல், சிலை சாலையை விட்டு அருங்காட்சியகம் புகுந்தது. தீவிலிருந்து அவன் பெயர் நீங்குவதற்கோ அதன்பின் எண்பது ஆண்டுகளுக்கு மேல் ஆயின.

சிறுவன் உரக்கப் படித்துக்கொண்டே வந்தான். மேஜர் இராமசாமி பரமேஸ்வரன் என்ற பெயர் வந்தபோது நிமிர்ந்து, "இவர் நம்மவர், தாத்தா" என்றான். ஆம், பம்பாயில் பிறந்த தமிழர். இலங்கைக்குச் சென்ற இந்திய அமைதிப்படையில் பணியாற்றி 1987 நவம்பர் 25ஆம் நாள் உயிர் நீத்தவர். பிறகு ஒரு பெயரில் அவன் நா தடுக்கிற்று. இரண்டு முறை முயன்று, மூன்றாம் முறை நோட்டை என் மடியில் வைத்துவிட்டான். லெப்டினன்ட் கர்னல் அர்தேஷிர் புர்ஸோர்ஜி தாராப்பூர்.

"இது என்ன பெயர், தாத்தா? நம் நாட்டுப் பெயரா?"

பார்சிப் பெயர் என்றேன். இவரும் பம்பாயிற் பிறந்தவரே, 1923 ஆகஸ்டு 18ஆம் நாள். பெயரின் அமைப்பு நமக்குப் புதியதன்று என்று காட்ட அவனுக்கு ஓர் உவமை சொன்னேன். உ. வே. சாமிநாதையர் பெயரில் முதலெழுத்து உத்தமதானபுரம் என்ற ஊர். அடுத்தது வேங்கடசுப்பையர் என்ற தந்தை. கடைசியில் நிற்பதே அவர் பெயர். இந்த வீரர் பெயரை வாலிலிருந்து தலைக்குப் படித்தால் அதே முறைதான்: தாராப்பூர் ஊர், புர்ஸோர்ஜி தந்தை, அர்தேஷிர் அவர் பெயர். நாம் ஊரை முன்னே வைத்தோம். அவர்கள் பின்னே வைத்தார்கள். இவ்வளவே வேற்றுமை.

பொருள் என்ன என்று கேட்டான். பெயருக்குப் பொருள் கேட்பது நல்ல பழக்கம். ஆதலின் சற்று விரிவாகவே சொன்னேன், இங்கும் சொல்லுகிறேன்.

அர்தேஷிர் என்பது நெடுங்காலம் உருண்டு தேய்ந்த கூழாங்கல் போன்ற சொல். ஈராயிரத்தைந்நூறு ஆண்டுகளுக்கு முன் பாரசீகப் பேரரசர் வழங்கிய பழைய பாரசீகத்தில் அது அர்தக்ஷசா. அர்த என்பது வாய்மை, உலகம் வழுவாது இயங்கும் ஒழுங்கு. வேதமொழியில் ருதம் என வழங்குவது இதுவே. க்ஷசா என்பது ஆட்சி. வடமொழியில் க்ஷத்திரம், க்ஷத்திரியர் என்று நாம் அறிந்த சொல்லின் உடன்பிறப்பு. கூர்ச்சர நாட்டை ஆண்ட சத்ரபர்கள் தம் பட்டப்பெயரை எடுத்ததும் இந்த வேரிலிருந்தே. இரண்டையும் கூட்டினால், வாய்மையால் ஆட்சி செய்பவன் என்பது பொருள். நம் மொழியிற் சொல்வதானால் செங்கோலன் எனலாம். அர்த என்பதும் நம் அறம் என்பதும் ஒலியால் நெருங்கி நிற்பதைக் கண்டு, இரண்டும் ஒன்றே என்று நிலைநாட்டிவிட நம் சங்கத்து அன்பர் சிலர்க்குக் கை துறுதுறுக்கும். வேண்டா. கருத்தால் உறவு உண்டு. சொல்லால் உறவு இருப்பதாகக் கூறச் சான்று இல்லை.

அயலார் பெயரைத் தவறாகப் புரிந்துகொள்வது புதிய வழக்கமன்று. கிரேக்கர் இதனை அர்தக்செர்க்சஸ் என்று திரித்தனர். வரலாற்றின் தந்தை எனப் போற்றப்படும் ஹெரடோட்டஸ், பெரும் போர்வீரன் என்று இதற்கு உரை எழுதிவைத்தார்; அது பிழை. பிற்காலத்துப் பாரசீகம் அறிந்தோர்க்கு மற்றொரு மயக்கம் உண்டு. ஷிர், ஷேர் என்றால் அம்மொழியில் சிங்கம். ஆதலால் அர்தேஷிரின் வாலிலும் ஒரு சிங்கம் இருப்பதாகத் தோன்றும். உண்மையில் அங்கே இருப்பது தேய்ந்துபோன ஆட்சி, சிங்கம் அன்று.

மெய்யான சிங்கப் பெயர் ஒன்றும் இத்தீவில் உண்டு. கப்பல் துறைமுக வாயிலை நோக்கிச் சென்றபோது வடகரையில் பசுமையாய் எழுந்து நின்ற மலையைச் சிறுவனுக்குக் காட்டினேன். ஹாரியட் மலை எனப்பட்டு, 2021 முதல் மணிப்பூர் மலை எனப்படுவது அது. அதன் அடிவாரத்து ஹோப் டவுன் துறையில்தான் 1872 பிப்ரவரி 8ஆம் நாள் மாலை, இந்தியாவின் வைசிராய் மேயோ பிரபுவை, ஷேர் அலி அஃப்ரீதி என்ற பட்டாணியக் கைதி கத்தியாற் குத்திக் கொன்றான். மறுமாதம் வைப்பர் தீவில் அவனைத் தூக்கிலிட்டனர். சிங்கம் என்று பெயரிட்ட தாய் தந்தையர் எங்கோ மலைநாட்டில் இருக்க, மகன் முடிவு இந்த உப்புநீர்க் கரையில் அமைந்தது.

சிறுவனுக்கு இந்தக் கதையைவிட அரசன் அர்தேஷிர் கதை பிடித்தது. பாபக் என்பவனின் மகன் அவன். கி.பி. 224இல் பார்த்திய மன்னன் அர்தவானைப் போரில் வென்று, சாசானியப் பேரரசை நிறுவியவன். ஈரானில் நக்ஷ் எ ரோஸ்தம் என்னும் பாறைச்சுவரில், குதிரைமேல் அமர்ந்த இவன், குதிரைமேல் அமர்ந்த அஹுர மஸ்தாவினிடமிருந்து ஆட்சி வளையத்தைப் பெறும் காட்சி செதுக்கப்பட்டு இன்றும் உள்ளது. பிர்தௌசியின் ஷாநாமா இவனுக்கு ஒரு புழுவைப் பகையாக வைக்கிறது. நூல் நூற்கும் பெண்ணொருத்தி, தான் கடித்த ஆப்பிளில் ஒரு புழுவைக் காண்கிறாள். அதைக் கொல்லாமல் தன் பெட்டியில் வைத்துக்கொள்கிறாள். அன்று முதல் அவள் நூற்கும் நூல் பெருகுகிறது, குடும்பம் செழிக்கிறது, புழுவும் கொழுத்து, கோட்டைக்குள் வைத்துப் பேணப்படும் தெய்வமாகிறது. படையால் வெல்லமுடியாத அர்தேஷிர் வணிகன் வேடத்தில் உள்ளே நுழைந்து, உருக்கிய ஈயத்தை அதன் வாயில் வார்த்துக் கொல்கிறான். "நம் ஆப்பிளிலும் இருக்குமா, தாத்தா?" என்றான் பெயரன். இத்தீவுக்கு ஆப்பிள் வந்துசேரும் நிலையைப் பார்த்தால் இருக்கக்கூடும் என்றேன்.

அவன் நிறுவிய பேரரசு 651இல் முடிந்தது. அதன்பின் தம் சமயத்தைக் காத்துக்கொள்ளக் கடல் கடந்து கூர்ச்சரக் கரை சேர்ந்தவரின் வழியினரே பார்சிகள். வந்த இடத்தில் பேச்சு குஜராத்தி ஆயிற்று, உடை மாறிற்று, பெயர்க்குப் பின்னால் ஜி என்ற மரியாதை ஒட்டிக்கொண்டது. தாய்மொழி வீட்டிலிருந்து மறைந்தே போயிற்று. ஆயினும் குழந்தைக்குப் பெயரிடும்போது மட்டும் ருஸ்தம், ஜம்ஷெத், அர்தேஷிர் என்று தம் பழைய நூல்களையே நாடினர். கடைசி அரசன் யஸ்தகிர்து பட்டம் ஏறிய 632ஆம் ஆண்டிலிருந்தே இன்னமும் தம் ஆண்டை எண்ணுகின்றனர். அரசு போய், மொழி போய், பெயர் நின்றது.

அப்பெயர் நம் வீடுகளுக்கும் முன்னமே வந்துவிட்டது என்பதை நாம் கவனிப்பதில்லை. 1931இல் தமிழின் முதல் பேசும் படமாகிய காளிதாஸைத் தயாரித்தவர் அர்தேஷிர் இரானி. நம் வீட்டு மணப்பெண்கள் சீதனமாகக் கொண்டுவரும் கோத்ரெஜ் பீரோவுக்குப் பின்னால் நிற்பவர், 1897இல் பூட்டுத் தொழிலைத் தொடங்கிய அர்தேஷிர் கோத்ரெஜ். அவர் முதலில் வழக்கறிஞர். உண்மையென்று தமக்குத் தெளியாததை மன்றத்தில் வாதிட மனம் ஒப்பாது அத்தொழிலை விட்டார் என்பர். பெயரின் பொருளை நினைத்தால் வியப்பில்லை.

இனி நம் வீரர். ஹைதராபாத் சமஸ்தானப் படையில் இருந்தபோது, பயிற்சி பெற்ற வீரன் ஒருவன் எறிந்த கையெறிகுண்டு தவறி அருகிலேயே விழ, பாய்ந்து எடுத்து அப்பால் வீசினார். அது வெடித்து மார்பிற் காயமுற்றார். பின்னர்ப் பூனா ஹார்ஸ் என்னும் டாங்கிப் படைக்கு வந்து, 1965ஆம் ஆண்டுப் போரில் அதன் தலைவராகச் சியால்கோட் முனையில் நின்றார். செப்டம்பர் 11ஆம் நாள் பில்லோராவைப் பிடிக்கும் போரில் காயம்பட்டும் பின்வாங்கிச் சிகிச்சைக்குச் செல்ல மறுத்தார். 14ஆம் நாள் வஸீர்வாலி, 16ஆம் நாள் ஜஸ்ஸோரான், பூத்தூர் டோக்ராந்தி. அன்று அவர் டாங்கி தீப்பற்ற, அங்கேயே மாண்டார், வயது நாற்பத்திரண்டு. அவர் படை பகைவரின் டாங்கிகள் ஏறத்தாழ அறுபதை அழித்துத் தன்னிடத்தில் ஒன்பதையே இழந்தது என்று பாராட்டுரை கூறுகிறது. தாம் இறந்தால் களத்திலேயே எரியூட்டவேண்டும் என்று முன்னரே சொல்லியிருந்தார். பிணத்தைத் தீயில் இடுவது பார்சி மரபன்று. ஆயினும் அவர் விருப்பப்படியே செய்தனர். பிரார்த்தனைப் புத்தகம் தாய்க்கு, கழுத்துச் சங்கிலி மனைவிக்கு, மோதிரம் மகளுக்கு, பேனா மகனுக்கு என்றும் பகிர்ந்து சொல்லியிருந்தாராம். இதைக் கேட்டபோது சிறுவன் பேசவில்லை. நோட்டை எடுத்து, அந்தப் பெயரைத் தமிழில் பெரிதாக எழுதினான்.

இவ்வளவும் நான் எழுதக் காரணம் எங்கள் வீட்டு வழக்கு ஒன்று. எனக்கு இரண்டாம் பெயரன் பிறந்து ஐம்பது நாள் ஆகிறது. என் தந்தையார் 1958இல் சென்னையிற் கப்பலேறி வந்து சாத்தம் மர அறுவை ஆலையில் வேலை பார்த்தவர். பெயர் வெயிலுகந்தான். விருதுநகர்ப் பக்கத்து வெயிலுகந்தம்மனின் பெயர் அது. வெயிலை விரும்பி ஏற்றவள் அவள். இங்கு ஓர் அலுவலகத்துப் பதிவேட்டில் அப்பெயர் 'வில்காந்த்' ஆயிற்று. திருத்தக் கோரி மூன்று முறை மனு எழுதினார், திருந்தவில்லை. ஓய்வூதியமும் வில்காந்துக்கே வந்தது. இறுதிவரை அவர் அதைக் கையொப்பமிட்டு வாங்கியபோதெல்லாம் நான் உடனிருந்திருக்கிறேன். கை சற்றே நிற்கும், பிறகு எழுதும்.

பெயரை உடையவனே பெயரன். பேரன் என்ற சொல் அப்படிப் பிறந்ததே. ஆகையால் குழந்தைக்கு அந்தப் பெயரையே இடவேண்டும் என்பது என் மனைவியின் எண்ணம். மாமனார் பெயரை வாயாற் சொல்லிப் பழகாதவள். "உங்கள் அப்பா பெயர்" என்றே ஐம்பது நாளாக வாதாடுகிறாள். மருமகள் படித்தவள், எங்களிடம் மரியாதை குறையாதவள். "மாமா, பள்ளியில் சிரிப்பார்கள். எந்த மாநிலத்தார் வாயிலும் நுழையும்படி இரண்டெழுத்தில் ஒரு பெயர் வைப்போம்" என்கிறாள். அவள் அச்சம் வெறும் அச்சமன்று. வில்காந்தின் மகனாகிய நான் அதை மறுக்க இயலுமா? மகன் வழக்கம்போல் இருவருக்கும் தலையசைக்கிறான்.

ஊர் திரும்பிய அன்று இரவு, கப்பலில் நான் சொன்ன கதை முழுவதையும் பெயரன் தன் தாய்க்கு ஒப்பித்தான். புழுவுக்கு மட்டும் சிறிது நீளம் கூட்டினான். அவள் கேட்டுக்கொண்டே தொட்டிலை ஆட்டினாள். முடிவு ஒன்றும் சொல்லவில்லை. பெயர்சூட்டு விழா தை மாதத்துக்குத் தள்ளிவைக்கப்பட்டிருக்கிறது. இடையில் பெரியவன் தன் தம்பியை "வெயிலு, வெயிலு" என்று கூப்பிடத் தொடங்கிவிட்டான். நேற்று மாலை, யாரும் அருகில் இல்லை என்று எண்ணி, மருமகளும் ஒருமுறை அப்படிக் கூப்பிட்டது என் காதில் விழுந்தது.