சுருளுக்குள் உறங்கும் காலம்

ஆய்வு என்றதும் ஓலைச்சுவடியும் கல்வெட்டுமே தமிழ் மாணவரின் நினைவுக்கு வரும். சுவடி தேடி ஊர் ஊராக அலைந்த உ. வே. சாமிநாதையரைப் போற்றுகின்றோம். படச்சுருள் தேடி நாடு நாடாக அலைந்த தமிழர் ஒருவரையும் நாம் போற்றுதல் வேண்டும். அவர் கோட்டையூரில் பிறந்த ஏ. கே. செட்டியார்.

1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளின் சென்ற கப்பலில், காந்தியடிகளின் வாழ்வை ஆவணப்படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. அப்போது அவருக்கு முப்பது வயதும் நிரம்பவில்லை. கடந்துபோன காலத்தைப் புதிதாகப் படம்பிடிக்க இயலுமா? ஆகவே, பிறர் எடுத்து வைத்தவற்றைத் தேடினார். ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்து, 30 ஆண்டுகளில் சுமார் 100 ஒளிப்பதிவாளர்கள் எடுத்த 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். நிமிடத்திற்கு 90 அடி என ஓட்டினாலும் அது ஒன்பது மணி நேரத்திற்கு மேல் ஓடும். அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து தொகுத்த படம் 1940 ஆகஸ்டில் தமிழில் வெளிவந்தது.

இன்றும் இப்பணியின் இயல்பு மாறவில்லை. பெட்டியின் மேலுள்ள சீட்டைப் படிக்க வேண்டும். சீட்டுப் பொய் சொன்னால், உடையும் ஊர்தியும் கடைப்பலகையும் கொண்டு காலத்தைக் கணிக்க வேண்டும். உரிமையாளரைக் கண்டு இசைவு பெற வேண்டும். இத்தனைக்கும் முன், யாரோ ஒருவர் அச்சுருளைக் காத்து வைத்திருக்க வேண்டும்!

பிறர் காத்தவற்றைத் தேடித் திரட்டியவரின் தமிழ்ப் படமே பின்னாளில் காணாமற்போனது. 1953இல் உருவான ஆங்கில வடிவத்தின் பிரதியொன்றை, இந்நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் ஆய்வறிஞர் ஆ. இரா. வேங்கடாசலபதி சான்பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகமொன்றில் கண்டறிந்தார். அச்செய்தியைப் படித்த அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை. காரணம் உண்டு.

என் தாய்மாமா மலேசியாவிலிருந்து கொணர்ந்த எட்டு மில்லிமீட்டர் கருவியால் என் தாயாரைப் படம்பிடித்திருந்தார். தாயார் முற்றத்தில் முறம் கொண்டு அரிசி புடைப்பதும், கருவியைக் கண்டு முந்தானையால் முகம் மறைத்துச் சிரிப்பதும் வீட்டுச் சுவரில் ஓடியதைச் சிறுவயதில் ஒருமுறை கண்டேன். மாமாவுக்குப் பின் அப்பெட்டி என்னிடம் வந்தது. பரணில் போட்டேன். தாயார் மறைந்தபின் திறந்தபோது காடி நாற்றம் எழுந்தது. வெப்பமும் ஈரமும் தாக்கிய சுருள், சுருங்கி ஒன்றோடொன்று ஒட்டிக் கிடந்தது. என் தாயார் அசைந்து நின்ற காட்சி இவ்வுலகில் அது ஒன்றே. அதை அழித்தது காலமன்று; என் கவனக்குறைவே.

அன்பு மாணவர்களே! உங்கள் வீட்டிலோ கல்லூரி அலமாரியிலோ பழைய சுருளோ ஒலிநாடாவோ இருப்பின், ஈரமற்ற குளிர்ந்த இடத்தில் வையுங்கள். யார், எங்கே, எப்போது என்று ஒரு சீட்டெழுதி ஒட்டுங்கள். அதைப் படித்துச் சொல்லும் பெரியவர்கள் இன்று நம்மோடு இருக்கின்றார்கள். நாளை தேடி வருபவர்க்கு அச்சீட்டே துணை.