தெருவே தறி

பொழுது இன்னும் சரியாகப் புலரவில்லை. பாலராமபுரம் சாலியர் தெருவில் வழியை அடைத்துக்கொண்டு நீண்டு கிடக்கிறது வெள்ளைப் பாவு. இரு பக்கமும் ஆட்கள் நின்று கஞ்சி தடவி, நூலை நீவிவிடுகிறார்கள். எங்காவது இழை அறுந்தால் ஒரு கை நீண்டு முடிச்சுப் போட்டுவிட்டு நகர்கிறது. வெயில் ஏறுவதற்குள் முடித்தாக வேண்டும். சைக்கிளில் விரையும் சிறுவனை ஒரு பாட்டி அதட்டுகிறார்: "மக்களே, நூலப் பாத்துப் போ!" அவன் இறங்கித் தள்ளிக்கொண்டு போகிறான்.

திருவனந்தபுரத்திலிருந்து நெய்யாற்றின்கரை போகும் நெடுஞ்சாலையில் இருக்கிறது இந்த ஊர். 1798 முதல் 1810 வரை திருவிதாங்கூரை ஆண்ட பாலராமவர்மா காலத்தில், திவான் உம்மிணித்தம்பியின் முயற்சியால் தமிழ்ப் பகுதியிலிருந்து அழைத்துவரப்பட்டவர்கள் சாலியர்கள். 1956-ல் மாநிலங்கள் பிரிந்தபோது பக்கத்து விளவங்கோடு சென்னை மாநிலத்துக்குப் போனது; நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே தங்கியது. நெசவாளர் நாக்கில் இரண்டு மொழியும் தங்கிவிட்டன.

குழித்தறி, கையால் எறியும் நாடா, கசவுக் கரை - இவைதான் பாலராமபுரம் துணிக்குப் பெயர் வாங்கித் தந்தவை. 2009-ல் புவிசார் குறியீடும் கிடைத்தது. ஆனால் அதே கசவுக் கரையோடு விசைத்தறித் துணி மலிவு விலையில் கடைக்கு வந்துவிடுகிறது. நாள் முழுக்கக் குழியில் கால் வைத்து உழைப்பவரின் கூலியைவிடக் கட்டட வேலைக் கூலி அதிகம். பிள்ளைகள் வேறு வேலை தேடிப் போவதில் வியப்பில்லை.

சிக்கல் அங்கேதான். தறியில் ஒருவர் தனியாக உட்கார்ந்து நெய்துவிடலாம். பாவைத் தனியாக விரிக்க முடியாது. ஒரு வீட்டார் தொழிலை விட்டால், பக்கத்து வீட்டுப் பாவும் ஆளில்லாமல் தவிக்கும். நெசவுக்குத் தறி மட்டும் போதாது, தெருவும் வேண்டும்.

பாவின் மறு ஓரத்தில் பேன்ட்டை முழங்கால்வரை மடித்துவிட்டு ஒருவர் நிற்கிறார். அவர் வீட்டில் இப்போது தறி இல்லை. நகரத்தில் வேலை. பஸ்ஸுக்கு நேரமாகியும் அண்டை வீட்டுப் பாவு காயும்வரை நிற்கிறார். பிறகு கையைக் கழுவி, சட்டையைச் சரிசெய்துகொண்டு நடக்கிறார்.

பாவைச் சுருட்டி எடுத்ததும் தெரு திறக்கிறது. முதல் ஆட்டோ நுழைகிறது. உள்ளே எங்கோ ஒரு தறி தட்டத் தொடங்குகிறது.